செர்பன்ஸ்: கிடைத்ததையெல்லாம் சுமந்த ஒரு போர்க்காலச் சரக்குக் கப்பல்

[காட்சி: தென் பசிபிக் வரைபடம். சாலமன் தீவுகள் மேல் வட்டம்.]

குரல்: யுஎஸ்எஸ் செர்பன்ஸ், எண் ஏகே-97. போர் புரியக் கட்டிய கப்பல் இல்லை. 1943 மார்ச்சில் கலிஃபோர்னியாவில் அடிக்கட்டை போட்டு, ஏப்ரல் தொடக்கத்திலேயே கடலில் இறக்கிவிட்டார்கள். இரண்டாம் உலகப் போருக்காக அமெரிக்கா ஒரே அச்சில் அவசரமாகக் கட்டிக் குவித்த 'லிபர்ட்டி' ரகச் சரக்குக் கப்பல் இது; அந்த ரகத்தில் இந்த வேகம் சாதாரணம். மே 28-ல் கடற்படைப் பணியில் சேர்ந்தது. கப்பல் கடற்படையுடையது, ஆனால் ஓட்டியவர்கள் அமெரிக்கக் கடலோரக் காவல்படையினர்.

[காட்சி: லிபர்ட்டி கப்பலின் குறுக்குவெட்டுப் படம்.]

நீளம் சுமார் 441 அடி. 2,500 குதிரைத்திறன் நீராவி எஞ்சின். வேகம் 11 நாட், அதாவது மணிக்கு 20 கிலோமீட்டர்தான். ஐந்து சரக்கறைகள்: நடுக்கட்டடத்துக்கு முன்னால் மூன்று, பின்னால் இரண்டு. இந்தக் கப்பலின் கதையே அந்த அறைகளில்தான் இருக்கிறது.

ஜூன் 24-ல் அலமீடாவிலிருந்து பொதுச்சரக்கோடு புறப்பட்டது. பிறகு தீவு தீவாக ஓட்டம். 1944 கடைசியில், பழுதான ராணுவ வண்டிகளை ஏற்றிக்கொண்டு நியூசிலாந்து போனது. அவற்றை இறக்கியதும் மூன்று சரக்கறைகளை வெடிமருந்துக்கு ஏற்றபடி மாற்றினார்கள்.

அது சின்ன வேலை இல்லை. இரும்போடு இரும்பு உரசித் தீப்பொறி பறக்கக்கூடாது என்பதால் பக்கச்சுவர்களுக்குப் பலகை அடிப்பார்கள். அலையில் உருளாதபடி இடைவெளிகளில் கட்டை செருகி இறுக்குவார்கள். வெடிதூண்டிகளைத் தனியே, தள்ளி வைப்பார்கள்.

[காட்சி: இரண்டு பூம்கள், ஒரே கொக்கி. மெதுவான அசைவுப்படம்.]

லிபர்ட்டியில் சரக்குத் தூக்கும் முறையைக் கவனியுங்கள். ஒரு பூம், அதாவது சுமை தூக்கும் நீண்ட கை, பக்கத்தில் நிற்கும் சரக்குப் படகுக்கு மேலே, இன்னொன்று சரக்கறை வாய்க்கு மேலே. இரண்டின் கயிறும் ஒரே கொக்கியில் சேரும். ஒரு வின்ச், அதாவது கயிறு சுற்றும் எந்திரம், இழுக்கும்போது மற்றது விட்டுக்கொடுக்க வேண்டும். வின்ச் இயக்கும் இருவரில் ஒருவர் கை கொஞ்சம் பிசகினாலும் சுமை ஊஞ்சலாடி வாய்விளிம்பில் மோதும். அரிசி மூட்டையென்றால் கிழியும், அவ்வளவுதான். இங்கே ஏற்றியது நீர்மூழ்கிகளைத் தாக்கும் ஆழ்வெடிகள்! அந்தக் காலத்து ஆழ்வெடிகளில் நிரப்பிய டார்பெக்ஸ் என்ற வெடிமருந்து, வழக்கமான வெடிமருந்தான டிஎன்டியைவிட ஏறத்தாழ ஒன்றரை மடங்கு வலுவானது. அதிர்ச்சியைத் தாங்குவதிலோ டிஎன்டியைவிட மோசம்.

[காட்சி: லுங்கா முனை. திரையில் தேதி: 1945 ஜனவரி 29.]

சாலமன் தீவுகளில் ஒன்றான குவாடல்கனாலின் லுங்கா முனைக்கு எதிரே நங்கூரமிட்டு ஆழ்வெடி ஏற்றிக்கொண்டிருந்தபோது, இரவு 11:18-க்குக் கப்பல் வெடித்தது. அணியம், அதாவது முன்முனை மட்டும் சற்று நேரம் நீருக்கு மேலே தெரிந்தது. அதற்குள் இருந்த இரண்டு மாலுமிகள் மட்டுமே கப்பலில் உயிர்தப்பினர். கேப்டனும் இன்னும் ஏழு பேரும் அப்போது கரையில் இருந்ததால் பிழைத்தார்கள். இறந்தவர்கள் ஏறக்குறைய 250 பேர். சரக்கேற்ற வந்த ராணுவத்தினரும், ஒரு பொதுச் சுகாதார மருத்துவரும் அதில் அடக்கம். கரையிலிருந்த ஒரு சிப்பாயும் சிதறிய துண்டு பட்டு இறந்தார். கடலோரக் காவல்படைக்கு அந்தப் போரில் இதைவிடப் பெரிய ஒற்றை இழப்பு கிடையாது. உடல்களை 1949-ல் அமெரிக்காவின் ஆர்லிங்டன் தேசியக் கல்லறைக்குக் கொண்டுவந்தார்கள்.

முதலில் எதிரியின் வேலை என்றே நம்பினார்கள். அந்தக் கடலில் ஜப்பானிய நீர்மூழ்கிகள் திரிந்த காலம் என்பதால் சந்தேகம் இயல்பானது. ஆனால் 1949 ஜூனில் எதிரித் தாக்குதல் இல்லை என்று அதிகாரபூர்வமாக முடிவானது. கொக்கி பிசகியதா, சுமை விழுந்ததா என்று சொல்ல, வெடித்த அறைப்பக்கம் ஆளும் மிஞ்சவில்லை, இரும்பும் மிஞ்சவில்லை.