கீழ் சிலிண்டரில் தேங்கும் ஆயில்

நேயர்களுக்கு வணக்கம்.

கனடாவிலும் அலாஸ்காவிலும் இன்னும் பறந்துகொண்டிருக்கும் டி ஹாவிலண்ட் பீவர் விமானத்தின் மூக்கில் பிராட் அண்ட் விட்னி ஆர்-985 என்ற ரேடியல் இன்ஜின் இருக்கிறது. பிஸ்டன்கள் சுழற்றும் நடுத்தண்டான கிராங்க் ஷாஃப்டைச் சுற்றி வட்டமாக 9 சிலிண்டர்கள், மொத்தம் 16 லிட்டர் கொள்ளளவு, 450 குதிரைத்திறன். ரேடியேட்டர் கிடையாது, எதிர்க்காற்றே குளிர்விக்கும். பிஸ்டன்களைக் கிராங்கோடு இணைக்கும் ராடுகளில் மாஸ்டர் ராட் ஒன்றுதான் கிராங்கைப் பிடித்திருக்கும். மற்ற எட்டு ராடுகளும் அதன் தலையைச் சுற்றிப் பின்களில் கோத்திருக்கும். ஒன்று விட்டு ஒன்றாக, 1-3-5-7-9-2-4-6-8 என்று எரியும். அதனால்தான் இதுபோன்ற ஃபோர்-ஸ்ட்ரோக் ரேடியலில் ஒரு வரிசையில் ஒற்றைப்படை எண்ணிக்கை வேண்டியிருக்கிறது.

இந்த இன்ஜினைக் கெடுப்பது பெரும்பாலும் பறப்பதல்ல, சும்மா நிற்பது. வட்டத்தின் அடியில் இருக்கும் 5, 6-ஆம் சிலிண்டர்கள் தலைகீழாகத் தொங்குகின்றன. இன்ஜின் நின்றதும் உள்ளே மிஞ்சிய ஆயில் பிஸ்டன் ரிங்குகளைத் தாண்டி, எரியும் அறைக்குள் மெல்ல இறங்கும். எவ்வளவு இறங்கினால் ஆபத்து? ஒரு சிலிண்டரின் கொள்ளளவு, அதாவது பிஸ்டன் நகரும் இடம், சுமார் 1.8 லிட்டர். அமுக்க விகிதம் ஆறுக்கு ஒன்று: நகரும் இடமும் உச்சியில் மிஞ்சும் இடமும் சேர்ந்து, மிஞ்சும் இடத்தைப் போல் ஆறு மடங்கு. அப்படியென்றால் பிஸ்டன் உச்சிக்கு வரும்போது மிஞ்சும் இடம் ஏறத்தாழ 360 மில்லிலிட்டர்தான். அந்த அளவை ஆயில் நிரப்பிவிட்டால் பிஸ்டனுக்கு வழியில்லை. காற்றைப் போல் ஆயில் அமுங்காது. ஸ்டார்ட்டரை அழுத்தினால் ராட் வளையும், சில நேரம் சிலிண்டரே பிய்ந்துகொள்ளும்.

ஆகவே சில மணி நேரம் நின்ற இன்ஜினை முதலில் கையால் சுற்ற வேண்டும். சக்கரங்களுக்குக் கட்டை வையுங்கள். பிளக்குகளுக்கு மின்பொறி தரும் மேக்னெட்டோவின் சுவிட்ச் அணைந்திருக்க வேண்டும், எரிபொருள் கலவை நெம்புகோல் முழுதும் மூடியிருக்க வேண்டும். அப்படியும் புரொப்பெல்லரை உயிருள்ளதாகவே நினைத்து நில்லுங்கள்: மேக்னெட்டோவின் எர்த் வயர் அறுந்திருந்தால் சுவிட்ச் அணைந்திருந்தும் பிளக்கில் பொறி வரும். பிறகு ஓடும் திசையிலேயே, கிராங்க் இரண்டு முழுச் சுற்று வரும்வரை இழுங்கள். ஆர்-985-இல் புரொப்பெல்லர் நேரடியாகக் கிராங்கில் இருக்கிறது. இரண்டு பிளேடு என்றால் குறைந்தது நான்கு பிளேடு கையைக் கடக்க வேண்டும். சாதாரண அமுக்கம் கையில் ஸ்பிரிங் போல் எதிர்க்கும். ஆயில் இருந்தால் சுவரில் முட்டியதுபோல் நிற்கும்.

நின்றால் பலம் காட்டாதீர்கள். கீழ் சிலிண்டர்களில் ஒவ்வொரு பிளக்கைக் கழற்றி ஆயிலை வடியவிட்டு, மறுபடி சுற்றிப் பார்த்து, பிளக்கைத் துடைத்து மாட்டுங்கள். பத்து நிமிட வேலைதான்.

எதிர்த்திசையில் திருப்புவதுதான் மிக மோசமான குறுக்குவழி. திருப்பினால் இறுக்கம் விட்டுவிடும். ஆனால் ஆயில் திறந்த வால்வு வழியாக உள்ளிழு குழாய்க்குள் போய் உட்கார்ந்துகொள்ளும். இன்ஜின் ஓடத் தொடங்கியதும் அதே ஆயில் திரும்ப உறிஞ்சப்படும். ராட் அப்போது லேசாக வளைந்து, பல மணி நேரம் நன்றாக ஓடி, நடுவானில் முறியலாம்.

தரையிலும் ரேடியலை முயன்றார்கள். 1935-இல் இத்தாலியின் டிரோசி-மொனாக்கோ பந்தயக் கார் 16 சிலிண்டர் டூ-ஸ்ட்ரோக் ரேடியலை முன்னால் சுமந்துகொண்டு மோன்சா பந்தயத் தளத்தில் ஓடிப் பார்த்தது. எடையில் பெரும்பகுதி முன் சக்கரங்களில் விழுந்ததால் வளைவுகளில் திரும்ப மறுத்தது. ஒரு பந்தயத்திலும் இறங்கவில்லை. இரண்டாம் உலகப் போரின் அமெரிக்க ஷெர்மன் டாங்கியில் காரியம் நடந்தது. எம்4, எம்4ஏ1 வகைகளில் விமானத்திலிருந்து வந்த 9 சிலிண்டர் கான்டினென்டல் ஆர்-975 பின்னால் உட்கார்ந்தது. எதிர்க்காற்று இல்லாததால் பெரிய விசிறி தேவைப்பட்டது. இன்ஜினின் விட்டம் ஒரு மீட்டருக்கு மேல். அதன் நடுவிலிருந்து புறப்படும் ஷாஃப்ட் டாங்கிக்குள் உயரத்திலேயே முன்னோக்கி ஓட வேண்டியிருந்தது. ஷெர்மன் அவ்வளவு உயரமாக நிற்பதற்கு அது ஒரு முக்கியக் காரணம். ஆயிலும் அங்கே அதே வழியில்தான் இறங்கியது. நெடுநேரம் நின்ற டாங்கியைக் கிளப்பும் முன், வீரர்கள் பின்பக்கம் கைப்பிடியை மாட்டி இன்ஜினைச் சுற்றினார்கள்.