கொன்ற பிறகு மழை பெய்ததா?

நண்பர்களே, வணக்கம்.

தண்டனை, பலிகடா, அநியாயம், இதைப் பற்றிய புத்தகங்களைப் பேசுங்கள் என்று சொன்னார்கள். பொள்ளாச்சியில் நின்று பேசுவதால் சிலப்பதிகாரத்திலிருந்து ஆரம்பிக்கிறேன். கோவலன் கதையை மேடை மேடையாகக் கேட்டிருப்பீர்கள். கண்ணகி சிலம்பை உடைப்பதும், பாண்டியன் 'யானோ அரசன், யானே கள்வன்' என்று விழுந்து சாவதும் வராத பட்டிமன்றம் கிடையாது. ஆனால் அதற்கப்புறம் நடந்த ஒன்றை யாரும் எடுப்பதில்லை.

நூலின் முகப்பில் 'உரைபெறு கட்டுரை' என்று ஒரு சின்ன உரைநடைப் பகுதி இருக்கிறது. பாண்டியன் செத்த நாளிலிருந்து அந்த நாட்டில் மழை இல்லை. வறுமை, வெப்பு நோய். கொற்கையில் இருந்த பாண்டிய மரபினன் வெற்றிவேற்செழியன் என்ன செய்தான்? பொற்கொல்லர் ஆயிரம் பேரைக் கொன்று, கண்ணகிக்குப் பலியாகக் கொடுத்து விழா எடுத்தான். மழை பெய்தது, நோய் போனது. அடுத்த வரியிலேயே நம்ம ஆட்கள் வருகிறார்கள். அதைக் கேள்விப்பட்ட கொங்கிளங்கோசர், அதாவது கொங்கு நாட்டுக் கோசர், தங்கள் நாட்டிலும் அவளுக்கு விழா எடுத்துச் சாந்தி செய்ய, இங்கேயும் மழை தவறவில்லையாம். கோசர் ஆளைப் பலி கொடுத்ததாக அங்கே இல்லை, விழா எடுத்ததாக மட்டும்தான் இருக்கிறது. அதையும் சொல்லிவிடுகிறேன். பழி போடுவதைப் பற்றிப் பேச வந்துவிட்டு நானே ஒரு பழியைப் போடக்கூடாது.

சிலம்பைத் திருடியவன் ஒரே ஒரு பொற்கொல்லன். மற்றவர்கள் அவன் செய்த தொழிலைச் செய்தவர்கள், அவ்வளவுதான். கோவலன் சாகும் இடத்தில் இளங்கோ எவ்வளவு நிதானமாக எழுதுகிறார் பாருங்கள். காவலர்கள் அவனைப் பார்த்துவிட்டு, இவன் கொலைப்பட வேண்டிய ஆள் இல்லை என்று தயங்குகிறார்கள். திருடர்கள் மந்திரம், மருந்து, தந்திரம் என்று எதையெல்லாம் கையாள்வார்கள் என அந்தப் பொற்கொல்லன் வரிசையாக எடுத்துச் சொல்கிறான். ஒரு இளைஞன் தான் முன்பு பார்த்த திருடனின் கதையைச் சொல்கிறான். பேச்சு இழுத்துக்கொண்டே போகிறது. கடைசியில் படிப்பறிவில்லாத ஒரு குடிகாரன் வாளை வீசிவிடுகிறான். யாரும் விசாரித்துத் தீர்ப்பு சொல்லவில்லை, ஆனால் ஆள் செத்துவிட்டான். ஒரு சாவுக்கு இத்தனை கவனம் கொடுத்த காப்பியம், ஆயிரம் பேரை ஒரு வாக்கியத்தில் கடந்து போகிறது. அவர்களுக்குப் பெயர் இல்லை. நியாயம் கேட்டு அரண்மனைக்குப் போக அவர்கள் வீட்டிலிருந்து ஒரு பெண்ணும் கிளம்பவில்லை.

அதனால் இந்த வகைப் புத்தகத்தைக் கையில் எடுத்தால் நான் பார்ப்பது ஒன்றுதான். கொன்ற பிறகு மழை பெய்தது என்று அது சொல்கிறதா? பலிகடா ஆக்கப்படுகிறவன் குற்றவாளி என்று ஊர் உண்மையிலேயே நம்புவது ரொம்பக் குறைவு. ஊருக்கு வேண்டியது நிம்மதி. ஒருத்தனைத் தள்ளினால் அது கிடைக்கும் என்றால் தள்ளிவிடும். அந்த நிம்மதி கிடைத்தது என்று புத்தகமும் எழுதிவிட்டால், தீர்ப்பில் அதுவும் கையெழுத்துப் போட்டுவிட்டது என்றுதான் அர்த்தம்.

அமெரிக்காவில் ஷெர்லி ஜாக்சன் என்ற பெண் எழுதிய 'லாட்டரி' என்ற சிறுகதை 1948 ஜூன் மாதம் 'நியூயார்க்கர்' பத்திரிகையில் வந்தது. ஒரு சின்ன கிராமம். வருஷா வருஷம் ஜூனில் சீட்டுப் போடுவார்கள். கறுப்புப் புள்ளி விழுந்தவரை ஊரே சேர்ந்து கல்லால் அடித்துக் கொல்லும். ஜூனில் சீட்டுப் போட்டால் சோளம் நன்றாக விளையும் என்று ஒரு கிழவர் பழமொழி சொல்வார். ஆனால் விளைந்ததா என்று ஜாக்சன் ஒரு வரிகூட எழுதவில்லை. அங்கேதான் அந்தக் கதை நிற்கிறது.

அதில் என்னை அதிகம் உறுத்துவது வேறொரு இடம். சீட்டு டெஸ்ஸி என்ற பெண்ணின் குடும்பத்துக்கு விழுகிறது. இனி அந்தக் குடும்பத்துக்குள் யார் என்று அடுத்த சீட்டு. உடனே அவள், கட்டிக்கொடுத்த மகளையும் மருமகனையும் இதில் சேருங்கள் என்று கத்துகிறாள். தான் தப்புவதற்குக் கொஞ்சம் வாய்ப்புக் கூடுமே! பலியாகப் போகிறவளுக்கும் அந்த முறையின் மேல் கோபம் இல்லை, தன் மேல் விழுந்ததில்தான் கோபம். கதை வெளிவந்ததும் பத்திரிகைக்குக் கடிதங்கள் குவிந்தன. இந்தச் சீட்டு எந்த ஊரில் நடக்கிறது, போய்ப் பார்க்க முடியுமா என்று கேட்டவர்களும் இருந்தார்களாம்.

என்ன குற்றம் என்றே தெரியாமல் தண்டிக்கப்படுகிறவனைப் பற்றி எழுதிய காஃப்காவை விட்டுவிட்டாரே என்று சிலர் நினைப்பீர்கள். அவருக்கு இன்னொரு மாலை முழுசாக வேண்டும், விட்டுவிடுவோம். பக்கத்து ஊருக்குப் போகலாம்.

ஆனைமலை மாசாணியம்மனை இங்கே எல்லோருக்கும் தெரியும். படுத்த கோலத்தில் இருக்கிறாள். அவள் கதையின் வேர் குறுந்தொகையில் 292-ஆம் பாட்டில் கிடக்கிறது, பரணர் பாடியது. ஆற்றில் மிதந்து வந்த மாங்காயை ஒரு பெண் எடுத்துத் தின்றுவிட்டாள். அது நன்னன் என்ற மன்னனின் காவல் மரத்துக் காய். அவள் எடைக்கு எடை பொன்னால் பாவை செய்து, 81 யானையும் சேர்த்துத் தருகிறோம் என்றார்கள். அவன் கேட்கவில்லை, கொன்றுவிட்டான். நன்னனின் மாமரத்தைக் கோசர் வெட்டிய கதை இன்னொரு குறுந்தொகைப் பாட்டில் வருகிறது. வரலாற்றுக்காரர்கள் நன்னனை இங்கே வைக்காமல் மேற்குக் கடற்கரையில் கொண்கானத்துப் பக்கம் வைப்பார்கள். அந்தச் சண்டைக்கு நான் வரவில்லை. அந்தப் பெண்தான் மாசாணி என்று நம் ஜனங்கள் சொல்கிறார்கள்.

பரணர் இந்தச் சாவை எப்படிச் சொல்கிறார் என்பதுதான் விசேஷம். அது ஒரு காதல் பாட்டு. ராத்திரி தூங்காமல் மகளைக் காவல் காக்கும் தாயைத் தோழி திட்டுகிறாள்: பெண்கொலை செய்த நன்னன் மாதிரி நரகத்துக்குப் போகட்டும் இந்த அம்மா! அப்படியென்றால் நன்னன் பெயர் அப்போதே வீட்டுக்குள் புழங்கும் வசவாகிவிட்டது. அவனுக்கு எந்த மழையும் பெய்யவில்லை. நம் ஜனங்கள் அதற்கும் மேலே போய், கொல்லப்பட்டவளையே நீதி சொல்கிற இடத்தில் வைத்துவிட்டார்கள். பொருள் களவு போனவர்கள் கோவிலுக்குப் போய் மிளகாய் அரைத்து நீதிக்கல்லில் பூசுகிறார்கள். 'மாசாணிக்கு மொளகா அரைச்சாச்சுங்க' என்று ஊரில் ஒரு பேச்சு கிளம்பினால், திருடியவன் வயிறு கலங்கும்.

இதில் எனக்கு ஒரு சங்கடமும் உண்டு. அரைக்கிறவர்களில் பலர் மனசுக்குள் ஒரு பெயரை வைத்துக்கொண்டுதான் அரைக்கிறார்கள். பெரும்பாலும் அது வீட்டு வேலைக்கு வந்தவளின் பெயர். ஒரு மாங்காய்க்காகச் செத்தவளிடம் போய் நாம் கேட்பது இது.

சரி, நம் காலத்துக்கு வருவோம். ஈரோடு மாவட்டத்து வழக்கறிஞர் ச. பாலமுருகன் எழுதிய 'சோளகர் தொட்டி' என்ற நாவல் 2004-இல் வந்தது. சோளகர் என்பவர்கள் காட்டில் வாழும் பழங்குடிகள், தொட்டி என்பது அவர்கள் குடியிருப்பு. வீரப்பனைத் தேடி இரண்டு மாநில அதிரடிப்படைகளும் காட்டுக்குள் போன காலம். வீரப்பன் கிடைக்கவில்லை, சோளகர் கிடைத்தார்கள். காட்டை விட்டு எங்கேயும் போகாதவர்கள், கேட்க ஆள் இல்லாதவர்கள். மாதேஸ்வரன் மலையில் சித்திரவதை நடந்த முகாமுக்கு 'ஒர்க் ஷாப்' என்று பெயர். நாவலின் முதல் பாதி முழுக்கத் தேன், ராகி, கூத்து, நிலத்தகராறு என்று போகும். என்னடா இது, விஷயத்துக்கே வரமாட்டேன் என்கிறாரே என்று தோன்றும். பொறுமையாகப் படியுங்கள். பேர் தெரிந்து, பேச்சு கேட்டுப் பழகிய பிறகுதான் அவர்களை இழுத்துப் போகிறார்கள். உரைபெறு கட்டுரை அந்த ஆயிரம் பேருக்குக் கொடுக்காததை இந்த நாவல் தொட்டிக்காரர்களுக்குக் கொடுக்கிறது. அதிரடிப்படை மீதான புகார்களை விசாரிக்கத் தேசிய மனித உரிமை ஆணையம் 1999-இல் நீதிபதி சதாசிவா தலைமையில் குழு அமைத்தது, பிறகு இழப்பீடும் வந்தது. ஆனால் நடந்தது என்ன என்று பெரும்பாலான தமிழ் வாசகர்களுக்குத் தெரியவந்தது நாவல் வழியாகத்தான் என்பது என் எண்ணம்.

கடைசியாகக் கோவைக்காரர் ஒருவர். ஆட்டோ ஓட்டிய மு. சந்திரகுமார் எழுதிய 'லாக்கப்'. 'விசாரணை' படம் அதிலிருந்து வந்தது. பிழைப்புக்காகக் குண்டூருக்குப் போன இளைஞர்கள். ஒரு திருட்டு வழக்கை முடிக்கப் போலீசுக்கு ஆள் வேண்டும். வேற்று மொழி ஊரில் இவர்களுக்குப் பரிந்து பேச யாரும் இல்லை. எழுதியவர் பட்ட அடி அது, கற்பனை கிடையாது. படம் பார்த்தவர்களும் புத்தகத்தைப் படிக்க வேண்டும். அடி விழாத நேரத்தில் அந்தச் சின்ன அறைக்குள் என்ன நடக்கிறது என்பது அதில்தான் தெரியும்.

நம் பையன் குண்டூரில் அடி வாங்கினான் என்றால் நமக்குக் கோபம் வருகிறது. இங்கே திருப்பூரில் பனியன் கம்பெனியில் செல்போன் காணாமல் போனால் முதலில் யாருடைய பையைத் திறக்கிறோம்? ஒடிசாவிலிருந்து வந்தவன் பையை. அவன் சொல்வது நமக்குப் புரிவதில்லை, புரிந்துகொள்ள நாம் காத்திருப்பதும் இல்லை. அடுத்த நாள் போன் வீட்டிலேயே கிடைத்தாலும், அவனிடம் போய்ச் சொல்கிறவர்கள் எத்தனை பேர்?

'லாக்கப்' சின்னப் புத்தகம்தான், ஒரே இரவில் முடித்துவிடலாம். நேரமாகிவிட்டது, உடுமலை பஸ்ஸுக்குப் போகிறவர்கள் கிளம்புங்கள். கேள்வி இருக்கிறவர்கள் முன்வரிசைக்கு வாருங்கள், மைக் இல்லாமலே பேசலாம்.