மாங்குளத்துக்கு வராமலே மாங்குளத்தைக் காட்டியது எப்படி?

வணக்கம் உறவுகளே! ஏ-9 வீதியில் நாம் அடிக்கடி கடந்து செல்லும் மாங்குளத்தை, 2002 இல் வெளியான ‘கன்னத்தில் முத்தமிட்டால்’ திரைப்படத்தில் நீங்கள் பார்த்திருப்பீர்கள். ஆனால் போர்க்காலமாகையால் அப்படத்தின் இலங்கைக் காட்சிகள் இந்தியாவிலேயே எடுக்கப்பட்டன. எங்கெங்கோ எடுத்தவற்றை ஒரே ஊராக நம்மை நம்பவைத்ததில், எடுத்த காட்சிகளை வெட்டி அடுக்கிக் கோக்கும் படத்தொகுப்புக்குப் (எடிட்டிங்) பெரும்பங்கு உண்டு. அப்படத்தைத் தொகுத்த ஸ்ரீகர் பிரசாத்துக்கு இந்தியாவின் தேசிய விருது கிடைத்தது.

படச்சுருளை வெட்டி ஒட்டிய காலத்தையும், பின்னர் கணினி வந்த கதையையும் இத்துடன் தாண்டிவிடுவோம். எனக்குப் பிடித்த இடம் இனித்தான் வருகிறது.

ஏறத்தாழ நூறு ஆண்டுகளுக்கு முன் ரஷ்யாவில் லெவ் குலெஷோவ் என்பவர், உணர்ச்சி எதுவும் காட்டாத ஒரு நடிகரின் முகத்தை ஒருமுறை சூப்புக் கிண்ணத்துடனும் இன்னொரு முறை சவப்பெட்டியுடனும் அடுத்தடுத்து ஒட்டிக் காட்டினாராம். முகம் ஒன்றேதான் என்றபோதிலும், பார்த்தவர்கள் அதில் பசியையும் துயரத்தையும் கண்டு அவருடைய நடிப்பைப் புகழ்ந்ததாகச் சொல்லப்படுகிறது.

இதையே கிளிநொச்சியில் நடக்கும் ஒரு சாமத்திய வீட்டு வீடியோவில் செய்து பாருங்கள். அம்மம்மா கதிரையில் அமர்ந்து எங்கோ பார்த்துக்கொண்டிருக்கிறார். அடுத்து ஆலாத்தி எடுக்கும் காட்சியை வைத்தால், பேத்தி வளர்ந்துவிட்டாள் என்று அவர் நெகிழ்கிறார். வாழையிலையில் சோறு விழும் காட்சியை வைத்தால், அவருக்குப் பசிக்கிறது. உண்மையில் அவர் பார்த்தது ஓடாத மின்விசிறியாகவும் இருக்கலாம்! இனி, தேங்காய் உடையும் ஓசையை அக்காட்சி திரைக்கு வருவதற்கு அரை நொடி முன்னரே கேட்கவிடுங்கள். நமது தொலைக்காட்சி முறையில் நொடிக்கு 25 பிரேம்கள், அதாவது 25 தனிப்படங்கள் என்பதால், அது பன்னிரண்டு பதின்மூன்று பிரேம்கள்தான். ஆயினும் காது முந்திக்கொண்டு கண்ணை அழைத்துச் செல்வதால், வெட்டிய இடம் எவருக்கும் தெரியாது.

படத்தொகுப்புத் தொழிலுக்குள் நுழைபவர் பெரும்பாலும் உதவியாளராகவே தொடங்குகிறார். எடுத்தவற்றைப் பெயரிட்டு அடுக்குவதும், காட்சியின் தொடக்கத்தில் கிளாப் பலகையை அடித்த கணத்தை வைத்து ஒலியையும் படத்தையும் பொருத்துவதும், எல்லாவற்றுக்கும் இரண்டு பிரதி வைப்பதும் அவர் வேலை. இலக்கியம் படித்த ஸ்ரீகர் பிரசாத்தும் படத்தொகுப்பாளரான தம் தந்தையின் அருகிலிருந்தே கற்றுக்கொண்டார். செய்தியைத் தொகுப்பவருக்குச் சில நிமிடங்களே கிடைக்கும். திரைப்படத்தைத் தொகுப்பவருக்கு மாதக்கணக்கில் நேரமும், பக்கத்திலேயே ஓர் இயக்குநரும் கிடைப்பார்கள். இதில் எது கொடுமை என்று நான் சொல்லப்போவதில்லை.

கலியாண வீடியோ தொகுக்கும் நம் வன்னிப் பிள்ளைகளைச் சிலர் ஏளனமாகப் பேசுவதை நான் ஏற்கமாட்டேன். திரும்ப எடுக்கவே முடியாத காட்சிகளைக் கொண்டு கதை சொல்வது மிகக் கடினமான பயிற்சி. மணமக்களை ரோசாப்பூவுக்குள் சுழலவிடும் அந்த எஃபெக்டை மட்டும் தயவுசெய்து கைவிட்டுவிடுங்கள்.

உங்கள் வீட்டில் கிடக்கும் ஏதாவதொரு விழா வீடியோவைத் தொலைபேசியிலேயே ஐந்து நிமிடமாகச் சுருக்கிப் பாருங்கள். எந்த மாமாவை முழுவதுமாக வெட்டினீர்கள் என்பதைக் கொமென்டில் எழுதுங்கள். அவரிடம் நான் சொல்லமாட்டேன்.