பெயரையே வேடத்துக்குக் கொடுத்தவர்

அவையோர்களே, சென்னையில் லாயிட்ஸ் ரோடு என்று பழைய ஆட்கள் சொல்லும் சாலைக்கு இப்போது அவ்வை சண்முகம் சாலை என்று பெயர். அங்கே நின்று, யார் இந்தச் சண்முகம் என்று கேட்டுப் பாருங்கள். பாதிப் பேர் 'அவ்வை சண்முகி' படத்தைச் சொல்வார்கள். அந்தத் தலைப்பே கமல்ஹாசன் இவருக்குச் செய்த மரியாதைதான். சிறுவயதில் இவருடைய நாடகக் குழுவில் நடித்தவர் அவர்.

தி.க. சண்முகம் பிறந்தது 1912இல், திருவனந்தபுரத்தில். அப்பாவும் நாடக நடிகர். 1918இல், ஆறு வயதில், நாடகாசிரியர் சங்கரதாஸ் சுவாமிகள் மதுரையில் ஆசிரியராக இருந்த பாய்ஸ் கம்பெனியில், அதாவது சிறுவர்களே நடிக்கும் நாடகக் குழுவில், அண்ணன்மாரோடு சேர்ந்தார். பள்ளிக்கூடம், வீடு, விளையாட்டு எல்லாம் அவருக்கு அந்தக் கம்பெனிதான். இந்தப் பையன் நடிப்பதற்கென்றே சுவாமிகள் 'அபிமன்யு சுந்தரி' நாடகத்தை ஒரே இரவில் எழுதினார். பாட்டும் வசனமுமாக, ஒரு முழு நாடகம்! ஒரு குழந்தையின் நடிப்பை நம்பி அந்தப் பெரியவர் விடிய விடிய விழித்திருந்தார் என்பதை நினைத்தால் இப்போதும் எனக்குச் சிலிர்க்கிறது.

1922இல் சுவாமிகள் மறைந்தார். மூன்று ஆண்டுகளில் சகோதரர்கள் நால்வரும் சொந்த நாடக சபா தொடங்கினார்கள். கலைவாணர் என்.எஸ். கிருஷ்ணன், கே.ஆர். ராமசாமி எல்லாம் அங்கே இருந்தவர்கள்.

சரி, அவ்வைக்கு வருவோம். ஆண்கள் பெண் வேடம் போடுவது அந்தக் காலத்தில் புதிதல்ல. ஆனால் ஸ்திரீபார்ட், அதாவது பெண் வேடம், என்றால் பருவத்தில் உடையாத இளங்குரல், இளமை, அழகு. 'அவ்வையார்' நாடகத்தில் சண்முகம் போட்டதோ நரைத்த தலைக் கிழவி. அப்போது அவருக்கு முப்பது வயதுதான் இருக்கும். கிழவி வேடம் கஷ்டமில்லை என்று நினைக்காதீர்கள். நான் ஒருமுறை போட்டிருக்கிறேன். கோலை ஊன்றிக் கூனி நின்ற அரை மணியில் இடுப்பு விட்டுப்போயிற்று. அந்தக் கூன் குறையாமல், குரல் நடுங்கியும் ஒவ்வொரு சொல்லும் கடைசி வரிசைக்குத் தெளிவாகக் கேட்கும்படி, இரவெல்லாம் நடிக்க வேண்டும். அடுத்த நாளும் அதே. மேடையில் ரீடேக் கிடையாது. கடைசியில் அந்தக் கிழவியின் பெயரையே ஊர் அவர் பெயருக்கு முன்னால் ஒட்டிவிட்டது.

சினிமாவுக்கும் போனார். 1935இல் 'மேனகா'விலேயே நடித்தவர். ஆனாலும் திரும்பத் திரும்ப நாடகக் கொட்டகைக்கே வந்தார். சினிமா அவருக்குப் போய்வருகிற இடம்தான், குடியிருந்தது மேடையில்.

1961இல் வந்த 'கப்பலோட்டிய தமிழன்' பாருங்கள். சிறையில் தொழுநோய் வாங்கிவந்த சுப்பிரமணிய சிவாவாக அவர் நடித்திருக்கிறார். எதிரே சிவாஜி. அந்த நோயுற்ற உடம்பில் சண்முகம் குரலை உயர்த்தவே மாட்டார். ஆனால் சொற்களில் மட்டும் நோய் தொடாத ஒரு திண்மை இருக்கும். சுவாமிகளிடம் ஆறு வயதில் பாடம் கேட்ட பையன் அங்கே நிற்கிறான்.