50 லட்சம் லோன், 1 கோடி கட்டணும்: பெங்களூருல வீடு வாங்குறதுக்கு முன்னாடி இதைக் கேளுங்க

எல்லாருக்கும் வணக்கம். இன்னைக்கு நேரா விஷயத்துக்கே வந்துடுறேன்.

நம்ம ஊர்ல, அதாவது இந்தப் பெங்களூருல, புதுசா வீடு வாங்கின யார்கிட்ட வேணா கேட்டுப் பாருங்க. "எவ்வளவுப்பா லோன்?"னு கேட்டா, "நாப்பத்தி மூணாயிரம் வருதுக்கா"ம்பாங்க. நான் கேட்டது லோன் எவ்வளவுன்னு. வர்ற பதில் இஎம்ஐ. ராமமூர்த்தி நகர்லயும் சரி, ஹொரமாவுலயும் சரி, எலக்ட்ரானிக் சிட்டி தாண்டி சந்தாபுரா பக்கமும் சரி, இதே பதில்தான். பேங்க்லயும் பில்டர் ஆபீஸ்லயும் அப்படித்தான் பேசிப் பழக்கியிருக்காங்க. சம்பளம் எவ்வளவு, மாசம் எவ்வளவு கட்ட முடியும், அவ்வளவுதான் பேச்சு. மொத்தமா எவ்வளவு கட்டப்போறோம்ங்கிறத யாரும் வாயத் திறந்து சொல்றதில்ல. அதனால இன்னைக்கு அதை நான் சொல்றேன்.

50 லட்சம் லோன், 8.5 சதவீத வட்டி, 20 வருஷம்னு வெச்சுக்குவோம். இப்போ அதுக்குக் கம்மியா கிடைக்குதேன்னு சொல்வீங்க. கிடைக்கலாம். ஆனா 20 வருஷம் வட்டி ஒரே இடத்துல நிக்காது, அதனால கணக்குக்கு நான் 8.5 எடுத்துக்கறேன். இஎம்ஐ 43,391 ரூபா. 240 மாசம் கட்டினா மொத்தம் 1 கோடியே 4 லட்சம். அதுல வட்டி மட்டும் 54 லட்சம் சொச்சம். வாங்கின கடனை விட வட்டி அதிகம்.

இது வரைக்கும் நிறைய பேருக்குத் தெரிஞ்சிருக்கும். உள்ள என்ன நடக்குதுன்னு பாருங்க. முதல் மாசம் நீங்க கட்டுற 43,391ல வட்டிக்குப் போறது 35,417. அசல்ல கழியறது 7,974. முதல் வருஷம் முழுக்க 5 லட்சத்து 20 ஆயிரம் கட்டியிருப்பீங்க, கடன் குறைஞ்சது 1 லட்சம் கூட இருக்காது. இஎம்ஐயில பாதிக்கு மேல அசலுக்குப் போக ஆரம்பிக்கவே கிட்டத்தட்ட 12 வருஷம் ஆகும். கடன் 25 லட்சத்துக்கு இறங்குற நாள் எப்போன்னா, ஏறக்குறைய 14 வருஷம் முடியும்போது. இருபதுல பதினாலு வருஷம் ஓடினாத்தான் பாதிக் கடன் அடையுது!

இது ஏன் முக்கியம்னா, நம்ம ஊர்ல பாதிப் பேர் அந்த வீட்ல 20 வருஷம் இருக்கப் போறதில்ல. வேலை மாறும், பசங்க ஸ்கூல் மாறும், சிலர் கோயம்புத்தூருக்கோ சென்னைக்கோ திரும்பிப் போவாங்க. ஏழாவது வருஷம் விக்கிறீங்கன்னு வெச்சுக்கங்க. அதுவரை கட்டினது 36 லட்சத்து 44 ஆயிரம். பாக்கி நிக்கிற கடன் 40 லட்சத்து 88 ஆயிரம். "50 லட்சத்துக்கு வாங்கி 36 கட்டிட்டேனே"ன்னு நினைச்சு பேங்குக்குப் போறவங்களுக்கு அந்தக் கணக்குத் தாளைப் பார்த்ததும் தலை சுத்தும். தப்பு பேங்க் மேல இல்ல, கணக்கு அப்படித்தான் ஓடும். ஆனா முதல் நாளே அதைத் தெரிஞ்சுக்கிறது உங்க உரிமை.

அடுத்து, வருஷத்தைக் கூட்டிக்கிறது. "30 வருஷம் போட்டுக்கங்க மேடம், இஎம்ஐ குறையும்"பாங்க. குறையுது, உண்மைதான். 38,446 ஆகுது. மாசம் 4,945 ரூபா மிச்சம். அந்த மிச்சத்துக்கு நீங்க கொடுக்கிற விலை, கூடுதலா 34 லட்ச ரூபா வட்டி. மொத்த வட்டி 88 லட்சத்தைத் தாண்டிடும். அதே கடனை 15 வருஷத்துல அடைச்சா இஎம்ஐ 49,237, வட்டி 38 லட்சத்து 60 ஆயிரம் சொச்சம். கையில காசே பத்தாத நிலைமைன்னா 30 போடுறதுல தப்பில்ல, நான் குறை சொல்ல மாட்டேன். ஆனா பெரிய வீடா பார்க்கணும்ங்கிறதுக்காக 30 போடாதீங்க. அது ரொம்ப விலை கூடின ஒரு பெட்ரூம்.

சரி, இப்போ இந்த வீடியோவுல எனக்கு ரொம்ப முக்கியமான இடத்துக்கு வர்றேன். ஃப்ளோட்டிங் வட்டி, அதாவது கடன் ஓடும்போதே ஏறி இறங்குற வட்டி.

எங்களுக்குத் தெரிஞ்ச ஒரு அண்ணன், கிருஷ்ணகிரிக்காரர், பீன்யால ஒரு கம்பெனியில வேலை. அண்ணியும் வேலைக்குப் போறாங்க. 2021ல வட்டி ரொம்பக் கம்மியா இருந்த நேரத்துல 20 வருஷத்துக்கு லோன் வாங்கினாங்க, 6.75 சதவீதம். இஎம்ஐ 38,018. ரெண்டு வருஷம் கழிச்சு வேற ஏதோ வேலைக்காக லோன் ஸ்டேட்மென்ட் எடுத்திருக்காங்க. அண்ணி அதை என்கிட்ட காட்டினாங்க. வில்லங்கச் சான்று, வரி ரசீது எல்லாம் போட்டு வெச்ச பிளாஸ்டிக் கவர்ல இருந்து எடுத்த தாள். இஎம்ஐ 38,018, மாறவே இல்ல. அதுக்கு ரெண்டு வரி கீழ, மீதித் தவணைன்னு போட்ட இடத்துல 332ன்னு இருந்தது. அண்ணி பென்சில்ல வட்டம் போட்டு வெச்சிருந்தாங்க. 240 தவணைன்னு ஆரம்பிச்ச கடன். ரெண்டு வருஷம் கட்டின பிறகு 216 இருக்கணும். 332 இருக்கு. அண்ணனுக்கு வயசு 41. இன்னும் 27 வருஷம், அதுக்கும் மேல.

இது எப்படி ஆச்சு? 2022 மே மாசத்துக்கும் 2023 பிப்ரவரிக்கும் நடுவுல ரிசர்வ் வங்கி ரெப்போ வட்டியை, அதாவது பேங்குகளுக்கு அவங்க கடன் கொடுக்குற வட்டியை, 4 சதவீதத்துல இருந்து 6.5க்கு ஏத்தினாங்க. 2019 அக்டோபருக்கு அப்புறம் பேங்க்ல வாங்கின ஃப்ளோட்டிங் வீட்டுக் கடன் எல்லாம் ரெப்போ மாதிரி ஒரு வெளி அளவுகோலோட கட்டிப் போட்டது. மூணு மாசத்துக்கு ஒரு தடவையாவது வட்டியை மாத்தணும். வட்டி ஏறும்போது பேங்க் பொதுவா இஎம்ஐயைத் தொட மாட்டாங்க, வருஷத்தைத்தான் நீட்டுவாங்க. மாசாமாசம் அக்கவுன்ட்ல அதே தொகை பிடிக்கிறதால உங்களுக்கு ஒண்ணுமே தெரியாது.

அண்ணனோட வட்டி 8.75 வரைக்கும்தான் போச்சு. முழு ரெண்டரை சதவீதமும் ஏறினவங்க கதையைக் கணக்குப் போட்டுப் பாருங்க. 50 லட்சம், 6.75ல ஒரு வருஷம் கட்டியாச்சு, பாக்கி 48 லட்சத்து 77 ஆயிரம். வட்டி 9.25 ஆகுது. இஎம்ஐ அதே 38,018. அந்த மாச வட்டி மட்டும் 37,598. அசலுக்குப் போறது 420 ரூபா. 38 ஆயிரம் கட்டி 420 ரூபா கடன் கழியுது! அந்த வேகத்துல போனா கடன் அடைய 48 வருஷத்துக்கு மேல ஆகும்.

இதைப் பார்த்துத்தான் 2023 ஆகஸ்ட்ல ரிசர்வ் வங்கி ஒரு உத்தரவு போட்டாங்க. வட்டி மாறும்போது இஎம்ஐயை ஏத்துறதா, வருஷத்தை நீட்டுறதா, ரெண்டையும் கொஞ்சம் கொஞ்சம் பண்றதாங்கிற முடிவை கடன் வாங்கினவங்க கையில கொடுக்கணும். மாறாத ஃபிக்ஸட் வட்டிக்குப் போற வழியும் இருக்கணும்னு அப்போ சொன்னாங்க, 2025 அக்டோபர்ல இருந்து அது பேங்க் விருப்பம். அதுக்கு என்ன கட்டணம்ங்கிறதையும் சொல்லணும். மூணு மாசத்துக்கு ஒரு தடவை ஸ்டேட்மென்ட் தரணும். அதுல இதுவரை பிடிச்ச அசல், வட்டி, மீதித் தவணை எல்லாம் இருக்கணும். மாச வட்டிக்குக் கூட இஎம்ஐ பத்தாத அளவுக்கு நீட்டக் கூடாது.

அண்ணனும் அண்ணியும் பிராஞ்சுக்குப் போய் எழுதிக் கொடுத்து இஎம்ஐயை 45,000 ஆக்கிட்டாங்க. மாசம் 7,000 கூட. மீதித் தவணை 332ல இருந்து 202 ஆயிடுச்சு. பத்து வருஷத்துக்கு மேல குறைஞ்சது. அந்த 7,000க்கு அவங்க வீட்ல என்னென்ன விட்டாங்கன்னு எனக்குத் தெரியும், சுலபமா வந்த காசு இல்ல அது.

2025ல ரெப்போ திரும்ப இறங்குச்சு. 6.5ல இருந்து டிசம்பர்ல 5.25 வரைக்கும் வந்துடுச்சு. இறங்கினது உங்க லோனுக்கு வந்து சேர்ந்துச்சான்னு பார்த்தீங்களா? பழைய எம்சிஎல்ஆர் லோன், அதாவது பேங்க் தன்னோட செலவுக் கணக்கை வெச்சு வட்டி போட்ட லோன், வெச்சிருக்கிறவங்களுக்கு வருஷத்துக்கு ஒரு தடவைதான் மாறும், பெரும்பாலும். ஹவுசிங் ஃபைனான்ஸ் கம்பெனியில வாங்கினவங்களுக்கு அந்த ரெப்போ விதியே கிடையாது, கம்பெனி அவங்களோட சொந்த அளவுகோலை வெச்சுக்கலாம். நம்ம ஊர்ல பி காத்தா சொத்து, அதாவது அனுமதி முழுசா இல்லாம மாநகராட்சியில தனிப் பதிவேட்டுல இருக்கிற சொத்து, வாங்கினவங்க நிறைய பேர் இந்தப் பக்கம்தான் போறாங்க, ஏன்னா பெரும்பாலான பேங்க் பி காத்தாவுக்குக் கடன் தர்றதில்ல. சைட்டு விலை கம்மின்னு சந்தோஷப்படுறோம். வட்டியில அரை சதவீதம், ஒரு சதவீதம் கூட வெச்சு 20 வருஷத்துக்கு அந்தச் சந்தோஷத்தைத் திரும்ப வாங்கிக்கிறாங்க.

கடன் போக ஆகுற செலவைச் சீக்கிரம் சொல்லிடுறேன். 65 லட்சத்துக்கு ஃப்ளாட், 50 லட்சம் லோன். கர்நாடகாவுல முத்திரைக் கட்டணம் 5 சதவீதம், அதுமேல செஸ், சர்சார்ஜ் சேர்ந்து 5.6. பதிவுக் கட்டணம் 2025 ஆகஸ்ட் கடைசியில 1ல இருந்து 2 சதவீதமா ஆயிடுச்சு. ரெண்டும் சேர்ந்து 4 லட்சத்து 94 ஆயிரம். கட்டிக்கிட்டிருக்கிற வீடுன்னா ஜிஎஸ்டி 5 சதவீதம், 3 லட்சத்து 25 ஆயிரம். ஓசி, அதாவது குடியேறலாம்ங்கிற சான்று, வாங்கின வீட்டுக்கு ஜிஎஸ்டி இல்ல. முத்திரை, பதிவுக் கட்டணம் எல்லாம் கடன்ல வராது, கைக்காசு. இதுக்குப் பர்சனல் லோன் எடுக்குறவங்களைப் பார்க்குறேன், தயவுசெஞ்சு வேண்டாம். ஒரு வருஷம் தள்ளிப் போட்டு சேர்த்துட்டு வாங்குங்க.

இன்னொண்ணு, இன்சூரன்ஸ். லோன் கையெழுத்துப் போடுற அன்னைக்கு, நூறு இடத்துல கையெழுத்து வாங்குற அந்த அவசரத்துல, "இது லோனுக்கான இன்சூரன்ஸ் சார், லோன்லயே சேர்த்துடுறோம்"பாங்க. ஒண்ணரை லட்சம் பிரீமியம்னு வைங்க. அது கடன்ல சேர்ந்தா, அதுக்கும் 20 வருஷம் வட்டி. 3 லட்சத்து 12 ஆயிரம் கட்டுவீங்க. குடும்பத்துக்குப் பாதுகாப்பு வேணும், கட்டாயம் வேணும், வீட்ல சம்பாதிக்கிறவருக்கு ஏதாவது ஆச்சுன்னா கடன் நிக்கும். ஆனா தனியா ஒரு டேர்ம் பாலிசி எடுத்து வருஷா வருஷம் கட்டுங்க. பேங்க் மாத்தினாலும், கடன் சீக்கிரம் முடிஞ்சாலும் அது உங்களோடயே இருக்கும்.

வரி மிச்சமாகுமேன்னு கேக்குறீங்க. பழைய முறையில குடியிருக்கிற வீட்டுக்கு வட்டியில வருஷம் 2 லட்சம் வரை கழிக்கலாம். புது வரி முறையில அது கிடையாது. புது முறைதான் இப்போ தானாவே வர்றது. அதனால வரிச் சலுகையை நம்பி பெரிய கடன் போடுற யோசனை இருந்தா விட்டுடுங்க.

"அக்கா, பத்து வருஷம் கழிச்சு 43 ஆயிரம் ஒரு பெரிய காசா?"ன்னு கேக்குறவங்க இருக்காங்க. நியாயமான கேள்வி. சம்பளம் ஏறும், பணத்தோட மதிப்பு இறங்கும், இஎம்ஐ லேசாகும். ஆனா அது சம்பளம் ஏறுனாத்தான். இந்த ஊர்ல ஐடியில இருக்கிறவங்களுக்கு நான் சொல்லணும்னு இல்ல, 45 வயசுக்கு மேல வேலை எப்படி இருக்கும்னு உங்க ஆபீஸ்லயே பார்த்துக்கிட்டிருக்கீங்க. சம்பளம் ஏறுற வருஷங்கள்லயே கடனைக் குறைச்சுக்கிறதுதான் எனக்குச் சரின்னு படுது. ஃப்ளோட்டிங் வீட்டுக் கடனை முன்கூட்டிக் கட்டினா தனிநபர்கிட்ட பேங்க் அபராதம் வாங்கக் கூடாது, 2012லயே ரிசர்வ் வங்கி நிறுத்திட்டாங்க. முதல் வருஷம் முடிஞ்சதும் போனஸ் பணம் 2 லட்சத்தை அசல்ல கட்டுங்க. நான் சொன்ன அதே 50 லட்சக் கடன்ல 21 தவணை காணாமப் போகும். 2 லட்சம் கட்டி 7 லட்சத்துக்கு மேல வட்டி மிச்சம். அதே 2 லட்சத்தைப் பதினஞ்சாவது வருஷம் கட்டினா பலன் ரொம்பக் கம்மி. கட்டும்போது "இஎம்ஐ அப்படியே இருக்கட்டும், தவணையைக் குறைங்க"ன்னு எழுத்துல கொடுங்க. சில இடத்துல கேக்காம இஎம்ஐயைக் குறைச்சு விட்டுடுறாங்க.

இன்னும் கையெழுத்துப் போடாதவங்களுக்கு: 2024 அக்டோபர்ல இருந்து கீ ஃபேக்ட்ஸ் ஸ்டேட்மென்ட்னு ஒரு தாள் கட்டாயம் தரணும். அதுல ஏபிஆர்னு ஒரு எண் இருக்கும். வட்டியோட பேங்க் வாங்குற மத்த கட்டணங்களையும் சேர்த்த வருஷ விகிதம். ரெண்டு பேங்கை ஒப்பிடணும்னா விளம்பரத்துல போட்ட வட்டியை விடுங்க, இந்த எண்ணை ஒப்பிடுங்க. வீட்டுக்குக் கொண்டு வந்து படிச்சுட்டுக் கையெழுத்துப் போடுங்க.

ஏற்கனவே கட்டிக்கிட்டிருக்கிறவங்க இன்னைக்கு ராத்திரியே பேங்க் ஆப்பைத் திறந்து மீதித் தவணை எத்தனைன்னு பாருங்க. வட்டி ரெப்போவுக்கு மேல எவ்வளவு வெச்சிருக்காங்கன்னும் பாருங்க. புதுசா வர்றவங்களுக்கு அதே பேங்க் கம்மியாத் தருதுன்னா, ஒரு கட்டணம் வாங்கிட்டு உங்களுக்கும் குறைப்பாங்க, கேட்டாத்தான்.

கடனை முடிச்சவங்களுக்கும் ஒண்ணு. 30 நாளுக்குள்ள உங்க மூலப் பத்திரம் எல்லாம் கைக்கு வரணும். பேங்க் பக்கத் தாமதம்னா ஒரு நாளைக்கு 5,000 ரூபா அவங்க உங்களுக்குத் தரணும், 2023 டிசம்பர்ல இருந்து இதுதான் விதி. பத்திரத்தோட விட்டுடாதீங்க. சப் ரெஜிஸ்ட்ரார் ஆபீஸ்ல அடமானப் பதிவையும் நீக்கி, வில்லங்கச் சான்று புதுசா ஒண்ணு எடுத்து வெச்சுக்கங்க.

பி காத்தா கடன் பத்தித் தனியா ஒரு வீடியோ பண்றேன், அது பெரிய விஷயம். வர்றேங்க, வணக்கம்.