பக்கத்துப் பள்ளிக்கு மானியம், நமக்கு இல்லை: நீதிமன்றம் எதைப் பார்க்கும்?

[திரையில்: அரசலாறு. இரு கரையிலும் ஒவ்வொரு ஓட்டுக் கட்டடப் பள்ளி.]

வடகரையில் ஓர் உதவிபெறும் தொடக்கப் பள்ளி, தென்கரையில் இன்னொன்று என்று வைத்துக்கொள்வோம். வடகரையில் மூன்று ஆசிரியர்களுக்கு அரசு மானியமாகச் சம்பளம் தருகிறது. தென்கரையில் இரண்டு பேருக்குத்தான். "அவங்களுக்குக் கொடுத்ததை எங்களுக்கும் கொடுங்க" என்று தென்கரை நிர்வாகம் அரசை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போட்டால் என்ன ஆகும்?

[திரையில்: மாணவர் வருகைப் பதிவேடு, ஆகஸ்ட் 1.]

வழக்கு முதலில் வந்து நிற்கும் இடம் இந்தப் பதிவேடு. கல்வி உரிமைச் சட்ட அட்டவணைப்படி, 1 முதல் 5 வரையான வகுப்புகளில் 60 பிள்ளைகள் வரை 2 ஆசிரியர்கள், 61 முதல் 90 வரை 3. தென்கரையில் 58, வடகரையில் 63 என்றால் பாரபட்சம் என்ற பேச்சுக்கே இடமில்லை. இரண்டிலும் 63 இருந்து ஒரு பள்ளிக்கு மட்டும் மூன்றாவது பணியிடம் மறுக்கப்பட்டால்தான் மனுவுக்கு உயிர் வரும். சுயநிதி ஆங்கிலவழிப் பிரிவின் பிள்ளைகளை இந்தக் கணக்கில் சேர்க்கக் கூடாது. பல மனுக்கள் இங்கேதான் சறுக்குகின்றன.

சட்டத்துக்கு வருவோம். மானியம் கேட்பது அடிப்படை உரிமை ஆகாது என்று உச்ச நீதிமன்றம் 2021இல் உத்தரப்பிரதேச அபய் நந்தன் இன்டர் காலேஜ் வழக்கில் தெளிவாகச் சொல்லிவிட்டது. தருவதா வேண்டாமா என்பது அரசின் கொள்கை. ஆனால் தரத் தொடங்கிய பிறகு ஆளுக்கொரு நியாயம் கூடாது. அங்கேதான் சட்டத்தின் முன் எல்லாரும் சமம் என்கிற அரசியலமைப்பின் பிரிவு 14 வருகிறது. மகாராஷ்டிர அரசு மற்றத் துறைக் கல்லூரிகளுக்கு மானியம் தந்து, தனியார் சட்டக் கல்லூரிகளை மட்டும் ஒதுக்கியதை 1995இல் மனுபாய் வஷி வழக்கில் உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை. சிறுபான்மையினர் நடத்தும் நிறுவனம் என்பதற்காக மானியத்தில் வேற்றுமை காட்டுவதைப் பிரிவு 30(2) தடுக்கிறது.

ஆகவே யாரோடு ஒப்பிடுகிறீர்கள் என்பதில்தான் வெற்றியும் தோல்வியும். தமிழ்நாட்டில் 1991-92க்குப் பிறகு தொடங்கிய பள்ளிகளுக்கு மானியம் இல்லை என்பது அரசின் நிலைப்பாடு. அப்படித் தொடங்கிய பள்ளி, 1950களில் தொடங்கிய பள்ளியைக் காட்டி வாதாடினால் நிற்காது. வடகரைக்கே விதிக்குப் புறம்பாகக் கொடுத்திருந்தாலும், அதே தவறை எங்களுக்கும் செய்யுங்கள் என்று கேட்க முடியாது.

[திரையில்: மேசைமேல் விரித்த காகிதங்கள்.]

வழக்கறிஞரிடம் போகுமுன் அங்கீகார ஆணை, மானியம் அனுமதித்த அரசாணை, பள்ளிக்கு எத்தனை ஆசிரியர் பணியிடம் என்று சொல்லும் மூன்று ஆண்டுப் பணியாளர் நிர்ணய ஆணைகள், கட்டட உறுதிச் சான்று எல்லாம் கையில் இருக்கட்டும். 2004இல் தீ விபத்தில் 94 குழந்தைகளைப் பறிகொடுத்த ஊர் கும்பகோணம். கட்டடச் சான்று காலாவதியான பள்ளி சமநீதி கேட்டு நீதிமன்றத்துக்குப் போகக் கூடாது என்பது எங்கள் உறுதியான கருத்து. அடுத்த பள்ளியின் பணியாளர் நிர்ணய ஆணையைத் தகவல் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள். 10 ரூபாய் கட்டணம், 30 நாளில் பதில் வர வேண்டும்.

பிறகு மாவட்டக் கல்வி அலுவலருக்கு எழுத்தில் கோரிக்கை கொடுத்து, ஒப்புகை வாங்குங்கள். மறுப்பாணை வந்தால் வரிவரியாகப் படியுங்கள். அதில் சொல்லாத காரணத்தை அரசு பின்னால் பதில் மனுவில் புகுத்த முடியாது. மொகிந்தர் சிங் கில் வழக்குத் தீர்ப்பு அப்படி. வந்த மறுப்பை வருடக்கணக்கில் பீரோவில் வைத்திருந்தால், தாமதம் ஒன்றே மனுவைக் கவிழ்க்கும்.

எந்த நீதிமன்றம்? தஞ்சாவூர், திருச்சி மாவட்டங்களுக்குச் சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை. திருவாரூர், நாகப்பட்டினம், மயிலாடுதுறைக்குச் சென்னையில் உள்ள முதன்மை அமர்வு. கும்பகோணத்துப் பள்ளி மதுரைக்கும் மயிலாடுதுறைப் பள்ளி சென்னைக்கும் போக வேண்டும்.

வென்றாலும் நீதிபதி பணத்தை நேராக எடுத்துத் தருவது அரிது. பெரும்பாலும் மறுப்பாணையை ரத்து செய்து, இத்தனை வாரத்துக்குள் காரணத்தோடு புதிய ஆணை பிறப்பிக்கச் சொல்வார்கள். உத்தரவின் சான்றிட்ட நகலை அலுவலகத்தில் சேர்த்த தேதியைக் குறித்து வையுங்கள். கெடு தாண்டியும் ஆணை வராவிட்டால் நீதிமன்ற அவமதிப்பு மனு போடலாம். அதற்கு ஓராண்டுதான் அவகாசம். ஆணை வந்து, பழைய காரணத்தையே திருப்பி எழுதியிருந்தால், அதை எதிர்த்துப் புதிய ரிட் மனு போட வேண்டும்.