கொங்கு நாட்டுச் சோற்றுத் தட்டும் அதிகாரமும்

நடுவர் அவர்களே, அவையோரே, அனைவருக்கும் வணக்கம்.

"கொங்கு நாட்டின் உணவைத் தீர்மானிப்பது மண்ணும் மரபுமா, ஆட்சியும் அதிகாரமுமா?" என்ற தலைப்பில், ஆட்சியும் அதிகாரமுமே என்று வாதாட வந்திருக்கிறேன். எனக்கு முன்பு பேசிய எதிரணி அம்மையார், மேற்குத் தொடர்ச்சி மலையின் மழை மறைவில் கிடக்கும் இந்தச் செம்மண்ணும் கரிசலும்தான் நமக்குக் கம்பையும் சோளத்தையும் ராகியையும் கொள்ளையும் தந்தன என்றும், அவற்றைக் கொண்டு நம் வீட்டுப் பெண்கள் கண்ட பக்குவமே கொங்குச் சமையல் என்றும், அரசுகள் வரும் போகும், அடுப்பு மட்டும் அப்படியே இருக்கும் என்றும் சொன்னார். கேட்பதற்கு இதமாக இருந்தது. ஆனால் ஒரு கேள்விக்கு அந்த உரையில் விடை இல்லை. மண் அதே மண்தான். வானமும் முன்னைவிட அதிகமாகக் கொடுத்துவிடவில்லை. அப்படியிருக்க, அந்தக் கம்பஞ்சோறும் சோளச்சோறும் ஏன் நம் அன்றாடத் தட்டை விட்டுப் போயின? உணவைத் தீர்மானிப்பது மண் என்றால், மண் மாறாதபோது உணவும் மாறியிருக்கக் கூடாது.

என் அமுச்சியின், அதாவது அம்மாவைப் பெற்ற பாட்டியின், தலைமுறைக்கு நெல்லஞ்சோறு என்பது நோம்பி, பண்டிகை நாளில் பார்ப்பது. விருந்தாளி வந்தால் பார்ப்பது. இன்று காடு மேடெல்லாம் மூன்று வேளையும் அரிசிதான். கொங்கு நாட்டின் அடையாளம் என்று நாம் பெருமையோடு பரிமாறும் அரிசியும் பருப்பும் சேர்த்து ஆக்கும் அரிசியம்பருப்பும், அரிசி மாவை வேகவைத்துப் பிழியும் சந்தகையும்கூட, எளிய வீடுகளில் அடிக்கடி சமைக்கப்படும் பண்டங்களானது அரிசி அன்றாடம் கைக்கு எட்டிய பிறகுதான். அந்த அரிசி எப்படி எட்டியது என்பதைத்தான் எதிரணி சொல்லாமல் விட்டுவிட்டது.

ஆற்றங்கரையில் முன்பே நெல் விளைந்ததே என்று கேட்கலாம், விளைந்தது உண்மை. பவானி ஆற்றிலிருந்து காலிங்கராயன் வாய்க்கால் வெட்டப்பட்டது 13-ஆம் நூற்றாண்டில். வெட்டியவர் ஒரு தலைவர். வெட்டுவதற்குத் தேவைப்பட்டது அவருடைய அதிகாரம். நம் காலத்துக்கு வருவோம். 1955-இல் பவானிசாகர் அணை கட்டி முடிக்கப்பட்டது. கீழ்பவானி வாய்க்கால் ஏறத்தாழ 200 கிலோமீட்டர் ஓடி, 2,07,000 ஏக்கருக்குப் பாசனம் தருகிறது. அந்த ஏக்கர்கள் அனைத்துக்கும் ஒரே போகத்தில் தண்ணீர் கிடையாது. ஒற்றைப்படை மதகுகள் என்றும் இரட்டைப்படை மதகுகள் என்றும் இரண்டாகப் பிரித்து, ஒரு போகத்துக்கு 1,03,500 ஏக்கர் என்ற கணக்கில், ஒரு பாதிக்கு நன்செய்ப் பயிருக்கும் மறுபாதிக்குப் புன்செய்ப் பயிருக்கும் முறை வைத்துத் தண்ணீர் விடுகிறார்கள். மறு ஆண்டு முறை மாறுகிறது. இந்த ஆண்டு ஒருவர் நெல் நடுவாரா, கடலையும் எள்ளும் போடுவாரா என்பதை அவருடைய காட்டு மண் சொல்வதில்லை, அவர் பாட்டனாரின் வழக்கமும் சொல்வதில்லை. மதகு எண்ணும், தண்ணீர் திறக்கச் சொல்லும் அரசாணையும் சொல்கின்றன. கடைமடைக்குத் தண்ணீர் வரவில்லை என்று விவசாயிகள் சாலையில் உட்காரும் ஊரில் நின்றுகொண்டு, உணவில் அரசியல் இல்லை என்று எவரும் சொல்ல முடியாது.

வாய்க்கால் எட்டாத மேட்டுக்காட்டுக்கும் அரிசி வந்தது, நடுவர் அவர்களே. அது வாக்குச்சீட்டு வழியாக வந்தது. 1960-களின் நடுவில் நாடு முழுவதும் தானியத் தட்டுப்பாடு. அந்த நேரத்தில் மத்திய உணவு, வேளாண்மை அமைச்சராக இருந்தவர் பொள்ளாச்சி அருகே செங்குட்டைப்பாளையத்தில் பிறந்த சி. சுப்பிரமணியம். அரசுக்காகத் தானியம் வாங்கிச் சேமிக்கும் இந்திய உணவுக் கழகம் 1965-இல் தொடங்கப்பட்டது. மறு ஆண்டு மெக்சிகோவிலிருந்து 18,000 டன் கோதுமை விதை இறக்குமதி செய்யப்பட்டது. பஞ்சத்தின் விளிம்பில் நின்ற நாட்டை மீட்ட அந்த முடிவுகளை நான் குறைத்துப் பேச மாட்டேன். அதே நேரத்தில், அவற்றின் விளைவையும் சொல்லியாக வேண்டும். அரசின் கொள்முதல் பெரும்பாலும் நெல்லையும் கோதுமையையும் சுற்றியே நின்றது. நெல்லுக்கு வாங்குவதற்கு ஆள் உண்டு, கிடங்கு உண்டு. கம்புக்கு அவை இல்லை. கம்பு விதைத்த காட்டில் பருத்தியும் மக்காச்சோளமும் மஞ்சளும் தென்னையும் ஏறின. 1967 தேர்தலில் "ரூபாய்க்கு மூன்று படி லட்சியம், ஒரு படி நிச்சயம்" என்று முழங்கிய தி.மு.க. ஆட்சிக்கு வந்தது, ரூபாய்க்கு ஒரு படி அரிசி முதலில் சென்னையிலும் நம் கோவையிலும்தான் வழங்கப்பட்டது. 2008-இல் கிலோ ஒரு ரூபாய், 2011 முதல் விலையில்லா அரிசி. ஒரு படி அரிசிக்காக ஆட்சியே மாறிய நாட்டில், அரிசியை வெறும் ருசி என்று எப்படிச் சொல்வது?

இதைக் கேட்டு, "பார்த்தீர்களா, அதிகாரம்தான் நம் மரபைக் கெடுத்துவிட்டது" என்று எதிரணியினர் மகிழ வேண்டாம். கம்பஞ்சோறு ஆக்குவது என்றால் என்ன வேலை என்பதை நான் கண்ணால் பார்த்திருக்கிறேன். கம்பை முறத்தில் புடைத்துக் கல் நீக்கி, தண்ணீர் தெளித்துப் பிசறி, உரலில் போட்டு உலக்கையால் குத்தி, உமி கழன்றதும் மறுபடி புடைத்து, மறுபடி குத்தி, நொய்யும் மாவுமாகப் பிரித்த பிறகுதான் உலையே வைக்க முடியும். அடி பிடிக்காமல் கிளறி இறக்கும்போது பெண்ணுக்குக் கை இற்றுப்போகும். அதற்குப் பிறகு அவள் காட்டு வேலைக்கும் போக வேண்டும். சிறுதானியத்தை இழந்தோம் என்று உருகும் ஆண்கள், உலக்கை பிடித்துக் காய்த்துப்போன அந்தக் கைகளைக் கேட்டுவிட்டு உருக வேண்டும். ரேசன் அரிசி அந்தக் கைகளுக்கு ஓய்வு தந்தது. மரபு அந்த ஓய்வைத் தரவே இல்லை.

அடுத்து, இந்த மரபு என்பது யாருடைய மரபு? எதிரணி அம்மையார் ஒரே அடுப்பைக் காட்டினார். ஒரே காட்டில் பண்ணையக்காரரும் வேலை செய்தார், பண்ணையாளும் வேலை செய்தார். இருவருக்கும் மண் ஒன்றுதான். ஒருவர் திண்ணையில் இலை போட்டுச் சாப்பிட்டார். மற்றவர் கொல்லைப்புறத்தில் கை நீட்டி, எட்ட நின்று ஊற்றியதைக் குடித்தார். இந்தக் கொங்கு மண்டலத்துத் தேநீர்க் கடைகளில் தாழ்த்தப்பட்டோருக்குத் தனிக் குவளையும் கொட்டாங்குச்சியும் வைத்திருந்த கொடுமையை இங்குள்ள மூத்தோர் அறிவார்கள். தேயிலை இந்தச் சமவெளி மண்ணில் விளைந்ததா? தேநீர் நம் பாட்டன் காலத்து மரபா? இரண்டும் இல்லை. நேற்று வந்த பானத்துக்குக்கூட மறுநாளே இரண்டாவது குவளை வைத்தது சாதியின் அதிகாரம். எனவே மரபு என்று எதிரணி சொல்வதில் பெரும்பங்கு அதிகாரத்தின் பழைய பெயர்தான் என்பது என் துணிபு.

அந்த அதிகாரத்தை எதிர்த்த போராட்டமும் பந்தியிலிருந்தே கிளம்பியது. சேரன்மாதேவி குருகுலத்தில், பொதுப்பணத்தில் நடந்த விடுதியில், பிராமண மாணவர் இருவருக்குத் தனியாக உணவு பரிமாறப்பட்டது. அதை எதிர்த்துக் குரல் கொடுத்தவர்களில் முன்னின்றவர் ஈரோட்டுக்காரரான பெரியார். அந்தக் கசப்பு ஆறுவதற்குள், 1925-இல் காஞ்சிபுரம் காங்கிரஸ் மாநாட்டில், எல்லாச் சாதியாருக்கும் உரிய பங்கு கேட்கும் வகுப்புரிமைத் தீர்மானத்துக்கு இடம் மறுக்கப்பட, அவர் காங்கிரசை விட்டு வெளியேறினார். இரண்டு பிள்ளைகள் எங்கே உட்கார்ந்து சாப்பிடுவது என்பதில் எழுந்த சச்சரவு, தமிழ்நாட்டின் அடுத்த நூறாண்டு அரசியலின் ஊற்றுகளில் ஒன்றாகியது.

பழைய கதை என்று யாரும் தள்ளிவிடக் கூடாது. 2018-இல், திருப்பூர் மாவட்டம் அவிநாசி வட்டாரத்தில் ஓர் அரசுப் பள்ளியின் சத்துணவுக் கூடத்தில் அருந்ததியர் பெண் ஒருவர் சமைக்கக் கூடாது என்று சிலர் எதிர்த்தார்கள். அதிகாரிகள் அவரை இடமாற்றம் செய்தார்கள். பல இயக்கங்கள் போராடிய பிறகு அந்த ஆணை திரும்பப் பெறப்பட்டு, வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தின் கீழ் வழக்குப் பதியப்பட்டது. அந்த அடுப்பில் வெந்தது எல்லாப் பள்ளியிலும் வேகும் அதே அரிசி, அதே பருப்பு. மண்ணுக்கும் இதற்கும் தொடர்பில்லை. அவரை வெளியேற்றியதும் ஓர் அதிகாரம்; மறுபடி கரண்டியை அவர் கையில் கொடுத்ததும் ஓர் அதிகாரம். குழந்தைகளை ஒரே வரிசையில் உட்கார வைத்துச் சோறு போட வேண்டும் என்று 1956-இல் காமராசரும் 1982-இல் எம்.ஜி.ஆரும் எடுத்த முடிவுகளின் முழுப் பொருளை, அந்தப் பெண் தன் அடுப்படிக்குத் திரும்பிய நாளில்தான் நான் உணர்ந்தேன்.

அதே சத்துணவில் முட்டையைச் சேர்த்தது அரசின் முடிவு. 1989-இல் இரண்டு வாரத்துக்கு ஒன்றாகத் தொடங்கி, இன்று வாரத்துக்கு ஐந்து. அந்த முட்டைகள் நம் நாமக்கல் பண்ணைகளிலிருந்து போகின்றன. நாமக்கல் மண்ணில் முட்டை முளைக்கவில்லை; உழைத்த பண்ணையாளர்களுக்கு நிலையான ஒரு சந்தையையும் அரசாணை தந்தது.

நிறைவாக, சிறுதானியம் மீண்டு வருகிறது, மரபு தோற்காது என்று அம்மையார் சொன்னதற்கு வருகிறேன். 2023 மே மாதம் நீலகிரி, தருமபுரி மாவட்டங்களில் குடும்ப அட்டைக்கு இரண்டு கிலோ ராகி வழங்கத் தொடங்கினார்கள். அதே ஆண்டைச் சிறுதானிய ஆண்டாக அறிவித்தது ஐக்கிய நாடுகள் அவை. ராகி திரும்பி வருவதற்கும் ரேசன் கடையின் படி வழியாகத்தான் ஏற வேண்டியிருக்கிறது. கொங்கு நாட்டின் மேட்டுக்காட்டு ராகியையும் கம்பையும் அரசு நல்ல விலைக்குக் கொள்முதல் செய்து, அரைத்த மாவாகவே ரேசனிலும் சத்துணவிலும் தர வேண்டும் என்று கேட்டு நிற்பவர்களில் நானும் ஒருவன். அந்தக் கோரிக்கை மனுவை எதிரணி நண்பர்கள் மண்ணிடம் கொடுப்பார்களா, மாவட்ட ஆட்சியரிடம் கொடுப்பார்களா என்பதை அவர்களே இந்த அவைக்குச் சொல்லட்டும். நன்றி, வணக்கம்.